ஓலையில் அக்கா பெயர்

செத்துப்போய் இரண்டு வருஷமான ஜெபாவுக்கு, தை மாசத்து ஞாயிற்றுக்கிழமை ஒன்றில், எட்டு மணிப் பூசையில், மறுபடியும் கல்யாணம் என்று மைக்கில் அறிவித்தார்கள். விளையாட்டுக்குச் சொல்லவில்லை. அச்சரப்பாக்கத்திலிருந்து மூன்று கிலோமீட்டர் உள்ளே தள்ளியிருக்கும் அந்தச் சின்ன மாதா கோயிலில் அன்றைக்கு உட்கார்ந்திருந்த நூற்றைம்பது பேரும் சாட்சி.

ஓலை வாசித்தார்கள். கல்யாணத்துக்கு முன்னால் மூன்று ஞாயிற்றுக்கிழமை, பூசை முடிகிற நேரத்தில், பெண் பேரையும் மாப்பிள்ளை பேரையும் சாமியார் சொல்லி, தடை ஏதாவது தெரிந்தவர்கள் வந்து சொல்லுங்கள் என்று கேட்பார். வாசிப்பது தாளைப் பார்த்துத்தான். ஓலை என்ற பேர் மட்டும் இன்னும் போகவில்லை. புது சாமியார் வந்து பத்து நாள்கூட ஆகவில்லை, கண்ணாடியைச் சரி பண்ணிக்கொண்டு நிதானமாகத்தான் வாசித்தார்.

"ஊரப்பாக்கம் பங்கைச் சேர்ந்த, காலஞ்சென்ற அந்தோணி, சின்னப்பொண்ணு இவர்களின் மகன் ஜான்சனுக்கும், நமது பங்கைச் சேர்ந்த ஏசுபாதம், செல்லம்மா இவர்களின் மகள் ஜெபாவுக்கும் திருமணம் நிச்சயமாகியிருக்கிறது. இது முதலாம் ஓலை. இவர்கள் திருமணத்துக்குத் தடை இருப்பதாக அறிந்தவர்கள் பங்குத் தந்தையிடம் தெரிவிக்கக் கடமைப்பட்டிருக்கிறார்கள்."

மாப்பிள்ளை சரி. ஜான்சன்தான். ஜெபாவின் புருஷன். பெண்தான் தப்பு. இப்போது அவனுக்குக் கட்டிவைக்கப் போவது ஜெபாவின் தங்கை ரெஜினாவை. அவளோ பெண்கள் பக்கம் நாலாவது வரிசையில், அக்கா மகள் ஷைனியை மடியில் வைத்துக்கொண்டு, குத்துக்கல்லாட்டம் உட்கார்ந்திருந்தாள்.

கோயிலில் ஒரு முணுமுணுப்பு எழுந்து அடங்கியது. முன்வரிசையில் அம்மா செல்லம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். அப்பா ஏசுபாதம் தன் முழங்காலைப் பார்த்தார். எழுந்து "சாமி, பேரு தப்பு" என்று சொல்ல ஒருத்தருக்கும் வாய் வரவில்லை.

ஷைனி மட்டும் நிமிர்ந்து பார்த்து, "சித்தி, எங்கம்மா பேரு சொன்னாங்க" என்றது. அதற்கு ஐந்து வயசு. அம்மா பேரை யார் சொன்னாலும் அதற்கு ஒரு சந்தோஷம்.

இந்தக் கல்யாணப் பேச்சு வந்த விதத்தைச் சொல்லிவிட வேண்டும். ஜெபா மஞ்சள் காமாலையில் பதினோரு நாள் படுத்தாள், பன்னிரண்டாம் நாள் இல்லை. போவதற்கு முன்னால் தங்கையின் கையைப் பிடித்து, "புள்ளய பாத்துக்கோடி" என்றாள். அவ்வளவுதான் சொன்னாள். ஜான்சன் ஊரப்பாக்கத்தில் அம்மாவோடு இருந்துகொண்டு மறைமலைநகரில் ஒரு கம்பெனிக்கு வேன் ஓட்டுகிறவன். குழந்தையை மாமியார் வீட்டில் விட்டுவிட்டு, ஞாயிறு தவறாமல் பிஸ்கட் பாக்கெட்டோடு வருவான், உட்காருவான், போவான். வாயைத் திறந்து நாலு வார்த்தை பேசினால் அது அதிசயம். இரண்டு வருஷம் இப்படியே ஓடியது.

டிசம்பரில் அவன் அம்மா சின்னப்பொண்ணு வந்து இறங்கினாள். "அரக்கோணத்துல பொண்ணு பாத்துகினு கீறோம். எத்தினி நாளு எம்புள்ள ஒண்டியாவே இருப்பான்? கல்யாணம் முடிஞ்சா புள்ளையும் எங்க வூட்டுக்கு வந்துரும்" என்று சொல்லி, கொடுத்த காப்பியைக் குடித்துவிட்டுப் போனாள்.

செல்லம்மாவுக்கு அன்றையிலிருந்து சோறு இறங்கவில்லை. வருகிறவள் எப்படிப்பட்டவளோ, பிள்ளையைச் சூடு வைப்பாளோ, பட்டினி போடுவாளோ என்று ஒரே புலம்பல். நாலாம் நாள் பஸ் ஏறி, செங்கல்பட்டில் மாறி, மாமல்லபுரத்துக்கே வந்துவிட்டாள். ரெஜினா அங்கே கடற்கரை ஓட்டல் ஒன்றில் துணிகளுக்குப் பொறுப்பு. எத்தனை படுக்கை விரிப்பு சலவைக்குப் போனது, எத்தனை துண்டு திரும்பி வந்தது என்று பார்க்கிற வேலை. ஓட்டலின் பின்கேட்டில் நின்றுகொண்டு செல்லம்மா சுற்றி வளைக்காமல் கேட்டாள்.

"நீ மாப்பிள்ளயக் கட்டிக்கோடி. வேற வழி எனக்குத் தெரியல."

"எம்மா, இன்னா பேசற நீ?"

"சாவும்போது உன்கிட்டதானே சொல்லிட்டுப் போனா?"

"பாத்துக்கோன்னுதான் சொன்னா. கட்டிக்கோன்னு சொல்லல."

"ரெண்டும் ஒண்ணுதான்" என்றாள் செல்லம்மா.

அங்கேயே, அந்த நிமிஷமே, ரெஜினா சொல்லியிருக்க வேண்டும். எனக்கு ஒருத்தர் இருக்கிறார், நாலு வருஷமாக இருக்கிறார் என்று. வாயில் என்ன கொழுக்கட்டையா வைத்திருந்தாள்? சொல்லவில்லை. "யோசிக்கறேன்மா, நீ நாஸ்தா துன்னியா?" என்று கேட்டு, கேன்டீனில் இட்லி வாங்கிக் கொடுத்து பஸ் ஏற்றிவிட்டாள்.

அந்த ஒருத்தன் பேர் ஜெகதீசன். திருக்கழுக்குன்றம் பக்கம், விவசாயக் குடும்பம், இந்து. கோவளத்திலிருந்து கல்பாக்கம் வரை ஏழெட்டு ஓட்டல்களில் நீச்சல்குளத்துத் தண்ணீரைச் சுத்தமாக வைத்திருப்பது அவன் தொழில். காலை ஆறு மணிக்கு நீளக் கழியில் வலையை மாட்டிக்கொண்டு இலை சருகு அரித்துக்கொண்டிருப்பான். எந்தச் சட்டை போட்டாலும் மருந்து வாசனை போகாது. ரெஜினா போனில் அவன் நம்பரை "குளோரின்" என்றுதான் பதிந்து வைத்திருந்தாள். வீட்டில் யாராவது போனை எடுத்துப் பார்த்தால்? அந்தப் பயம். அவன் அப்படிப் பயந்தவன் இல்லை. போன வருஷமே தன் அம்மா பூவாயியிடம் சொல்லிவிட்டான். பூவாயி ஒரு மாசம் மகனோடு பேச்சுவார்த்தை இல்லாமல் இருந்து, தானே அலுத்துப்போய், "எந்தக் கோயிலுக்குப் போனா எனக்கு இன்னா, என்கூட சண்ட போடாம இருந்தா சரி" என்று இறங்கி வந்திருந்தாள். ரெஜினா பக்கம்தான் பாக்கி. தீபாவளிக்கு அப்புறம் சொல்கிறேன் என்றாள். கிறிஸ்துமஸ் முடியட்டும் என்றாள். அப்படியே போய்க்கொண்டிருந்தது.

அந்த வார ஞாயிறு ரெஜினா ஊருக்குப் போனபோது ஷைனி ஒரு துணிப்பையில் பொம்மை, கலர் பென்சில், தன் சின்னத் தட்டு எல்லாவற்றையும் அடுக்கிக்கொண்டிருந்தது. "இன்னாடா பண்ற?" என்று கேட்டாள். "அரக்கோணம் போப்போறேன் சித்தி. ஆயா அழுவுது" என்றது குழந்தை. தட்டை வைத்தால் பை மூடவில்லை, அதற்காக முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டது.

ரெஜினா சமையலறைக்குப் போய், "சரிம்மா, கட்டிக்கறேன்" என்று சொல்லிவிட்டாள்.

மறுநாள் நீச்சல்குளத்தங்கரையில் ஜெகதீசனிடமும் சொன்னாள். அவன் வலையை நிறுத்தவில்லை. ஒரு சுற்று அரித்து முடித்துவிட்டு, "நீ முடிவு பண்ணியா, உங்கம்மா முடிவு பண்ணாங்களா?" என்று மட்டும் கேட்டான். அவள் துணி அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு அழுதாள். அழுது முடித்து, முகம் கழுவி, அறுபத்திரண்டு தலையணை உறையைச் சரிபார்த்தாள். வேலை வேலைதானே.

இதெல்லாம் தெரிந்தால்தான் அந்த ஞாயிறு அவளுக்கு வந்த கோபம் புரியும். தன் ஆசையைத் தூக்கிக் கடாசிவிட்டு வந்து உட்கார்ந்தால், ஓலையில்கூடத் தன் பேர் இல்லை!

பூசை முடிந்தது. வெளியே ஜான்சன் பைக் பக்கத்தில் ஹெல்மெட்டை உருட்டிக்கொண்டு நின்றான். செல்லம்மா, "வுடுடி, புது சாமியாரு, தெரியாம வாசிச்சிட்டாரு" என்றாள். ரெஜினா விடுவதாக இல்லை. நேராகக் கோயில் ஆபீசுக்குள் போய், சாமியாருக்கு உதவியாகக் கோயில் காரியங்களைப் பார்க்கிற உபதேசியாரைப் பிடித்துக்கொண்டாள்.

"இன்னா உபதேசியாரே! உசிரோட கீறவளுக்கு ஓலை வாசிக்கச் சொன்னா செத்தவளுக்கு வாசிக்கிறீங்களே, நல்லா கீதா? எங்கக்காவப் பொதைக்கச்சே நீங்கதானே முன்னாடி நின்னு பாட்டு சொன்னீங்க? கண்ணு தெரியலன்னா கண்ணாடி போட்டுகினு எழுதுறது!"

உபதேசியார் நல்ல மனுஷர். அவள் கத்தி ஓயும்வரை பொறுத்திருந்தார். பிறகு ஃபைலைத் திறந்து, கல்யாண ஃபாரத்தை எடுத்து மேஜைமேல் வைத்தார்.

"நான் எழுதலம்மா. இது யாரு கையெழுத்துன்னு நீயே பாரு."

பார்த்தாள். உருண்டை உருண்டையான எழுத்து. அவளுடையதுதான்.

மணமகள் பெயர்: ஜெபா. பிறந்த தேதி, ஜெபாவுடையது. ஞானஸ்நானம் பெற்ற தேதி, ஜெபாவுடையது. படிப்பு பிளஸ் டூ, அதுவும் ஜெபாதான், ரெஜினா பி.காம். ஒரு அடித்தல் திருத்தல் கிடையாது. எல்லாம் சரியாக இருந்தது, ஜெபாவுக்கு. அடியில் மணமகள் கையொப்பம் என்ற இடத்தில் மட்டும் "ரெஜினா" என்று போட்டிருந்தாள்.

உள்ளேயிருந்து வந்த சாமியார், "ரெஜினா என்பது வீட்டில் கூப்பிடுகிற பெயர் என்று நினைத்துவிட்டேன். ஞானஸ்நானச் சான்றிதழைப் பிறகு எடுத்துக்கொள்ளலாம் என்று நானும் இருந்துவிட்டேன், என் தப்பும்தான்" என்றார்.

ரெஜினாவுக்குக் காதெல்லாம் சூடாகிவிட்டது. "கை பழகிப்போச்சு ஃபாதர்" என்றாள்.

பொய் இல்லை. அந்த வீட்டில் ஃபாரம் என்று எது வந்தாலும் அவள்தான் எழுதவேண்டும். ரேஷன் கார்டில் பேர் எடுக்க, இறப்புச் சான்றிதழ் வாங்க, வாரிசுச் சான்றிதழுக்கு, இன்ஷூரன்ஸுக்கு என்று இரண்டு வருஷமாக அந்தக் கை ஜெபா, ஜெபா என்றே எழுதிக்கொண்டிருந்தது. அக்கா பிறந்த தேதியைத் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வாள். இந்தக் கல்யாண ஃபாரத்தை ஓட்டலில் வேலை தொடங்க இருபது நிமிஷம் இருக்கும்போது, அழுக்குத் துணி மூட்டை மேல் வைத்து எழுதினாள். எழுதி முடித்து ஒரு தடவை படித்தும் பார்த்தாள். தப்பு கண்ணில் படவே இல்லை.

"பரவாயில்லை" என்றார் சாமியார். புது ஃபாரம் ஒன்றைக் கொடுத்தார். "அடுத்த ஞாயிறு பூசைக்கு முன்னால் எழுதிக் கொண்டு வந்துவிடு. அன்றையிலிருந்து மூன்று வாரம் வாசித்தால், தவக்காலம் தொடங்குவதற்கு முந்தைய நாள் கல்யாணம் வைக்கலாம். தவக்காலத்தில் கல்யாணம் கிடையாது, அதைத் தவறவிட்டால் ஈஸ்டருக்குப் பிறகுதான்."

ரெஜினாவுக்குச் சம்மதித்திருந்தாலும் சின்னப்பொண்ணு ஈஸ்டர் வரை பொறுக்க மாட்டாள். அரக்கோணத்துக்காரர்கள் வாரத்துக்கு இரண்டு தடவை போன் போட்டுக்கொண்டிருந்தார்கள்.

ஆக ஒரு வாரம், ஒரு ஃபாரம். திங்கட்கிழமை வேலை அதிகம், எழுத நேரமில்லை. செவ்வாய்க்கிழமை எழுத உட்கார்ந்தாள். மாப்பிள்ளை பேர், அவன் தகப்பன் பேர், பங்கு எல்லாம் மளமளவென்று எழுதினாள். மணமகள் பெயர் என்ற கோட்டுக்கு வந்ததும் கை நின்றுவிட்டது. பேனாவில் மை சரியாக வரவில்லை என்று வேறு பேனா எடுத்தாள். புதன்கிழமை தலைவலி. ஒரு பேரை எழுத இத்தனை பேஜாரா என்று தன்மேலேயே அவளுக்கு எரிச்சல் வந்தது. தன் பேர்தானே, மூன்று எழுத்துதானே.

வியாழக்கிழமை காலை, குளத்தங்கரையில் ஜெகதீசனிடம் நடந்ததைச் சொன்னாள். முதலில் அவனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அப்புறம் அவள் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டான்.

"உங்கக்கா பேர எழுதினது இருக்கட்டும். நாலு வருஷத்துல என் பேர எதுலயாச்சும் எழுதியிருக்கியா நீ?"

"போன்ல..."

"போன்ல நான் குளோரின்."

ரெஜினாவுக்குச் சுருக்கென்றது. அந்த வலியைக் கோபமாக்கினாள். "யோவ், எனக்கு மட்டும் ஆசையா? பச்சப் புள்ளய்யா அது. தட்டுமுட்ட பையில கட்டிகினு உக்காந்துகினு கீது. நீ வந்து பாத்தியா?"

"பாக்கணும்னு எப்பனா கூப்பிட்டியா? புள்ளய வேணான்னு நான் சொன்னேனா? என்னை ஒரு வார்த்த கேட்டியா?" கழியைக் கீழே வைத்துவிட்டான். "சரி, என்னை வுடு. அந்தப் புள்ளைக்கு அப்பன்காரன் உசிரோடதானே கீறான்? புள்ள எங்க இருக்கணும்னு அவன் இன்னா சொல்றான்?"

ஜான்சன் என்ன சொல்கிறான்? அவனை யார் கேட்டது? அவன் அம்மா முடிவு பண்ணினாள், இவள் அம்மா முடிவு பண்ணினாள். மாப்பிள்ளையை ஒருத்தரும் கேட்கவேயில்லை.

சனிக்கிழமை சாயங்காலம் செங்கல்பட்டு பஸ் ஸ்டாண்டுக்கு ஜான்சனை வரச் சொன்னாள். அவன் வேலை முடித்து நேராக வந்திருந்தான். டீக்கடை ஓரமாக நின்றார்கள். நாலு பஸ் ஹாரன் அடித்துக்கொண்டு போனபிறகு ரெஜினா கேட்டாள்.

"மாமா, போன வாரம் அக்கா பேரு வாசிச்சப்ப நீங்க ஏன் எழுந்து சொல்லல?"

ஜான்சன் டீ கிளாஸைச் சுற்றினான். "தோணல. ஒரு நிமிஷம் அவ இருக்கறா மாதிரியே இருந்திச்சு."

"அப்பால?"

"அப்பால உன்னைப் பாத்தேன். பாவமா இருந்திச்சு."

"நேராவே கேக்கறேன். என்னைக் கட்டிக்க உங்களுக்கு இஷ்டமா?"

"புள்ளைக்கு ஒரு ஆளு..."

"புள்ளய வுடுங்க. உங்களுக்கு?"

அவன் டீ கிளாஸைக் கீழே வைத்துவிட்டு, "எங்க கல்யாணத்துல அவளுக்குப் பின்னாடி முக்காட்டத் தூக்கிப் புடிச்சிகினு வந்த சின்னப்புள்ள நீ. எனக்கு எப்பிடிம்மா அப்பிடி மனசு வரும்?" என்றான். சொல்லும்போது கண் கலங்கிவிட்டது. பாவம், இரண்டு வருஷமாக அந்த மனுஷன் யார் முன்னாலும் அழவில்லை.

"அப்போ ஏன் சரின்னீங்க?"

"எங்கம்மா கட்டிக்கோன்னாங்க. உங்கம்மாவும் அப்பிடியே சொன்னாங்க. நீயும் சரின்னுட்டேன்னு சொன்னாங்க."

ரெஜினாவுக்குச் சிரிப்பதா, தலையில் அடித்துக்கொள்வதா தெரியவில்லை. ஜெகதீசன் விஷயத்தை முழுசாகச் சொன்னாள். ஜான்சன் கேட்டுக்கொண்டான். நல்ல ஆளா என்று கேட்டான். நல்ல ஆள்தான் என்றாள்.

"அரக்கோணத்துப் பொண்ணக் கட்டுங்க, கட்டாதீங்க, அது உங்க இஷ்டம். புள்ள எங்கம்மாகிட்டயே இருக்கட்டும். நான் வாராவாரம் வந்து பாத்துப்பேன். இத உங்கம்மாகிட்ட நீங்கதான் சொல்லணும் மாமா. எங்கம்மாகிட்ட நான் சொல்லிக்கறேன்."

"எங்கம்மா ஒத்துக்காது."

"எங்கம்மா மட்டும் ஒத்துக்குமா?"

அவன் இன்னொரு டீ சொன்னான். குடித்து முடித்து, "சொல்லிப் பாக்கறேன்" என்றான். அந்த வாய் ஊரப்பாக்கம் போய்த் திறக்குமா, திறக்காதா? ரெஜினாவால் நம்பவும் முடியவில்லை, நம்பாமல் இருக்கவும் முடியவில்லை. அது தெரியாமலேதான் மறுநாள் காலை அவள் ஆபீசுக்குள் போகவேண்டியிருந்தது. தான் ஒன்று சொல்லி, ஜான்சன் வாயை மூடிக்கொண்டுவிட்டால், ஷைனி பையைத் தூக்கிக்கொண்டு போய்விடும். ஆயுசுக்கும் அது தன் தலையில்தான் விடியும் என்று அவளுக்குத் தெரியும்.

ஞாயிறு காலை ஏழரை மணி. சாமியார் மேஜைக்கு எதிரே அப்பா, அம்மா, அவள். சாமியார் கையை நீட்டினார். ரெஜினா ஃபாரத்தை வைத்தாள். மணமகள் பெயர் என்ற இடம் வெறுமையாக இருந்தது.

"என்னம்மா இது?"

"தடை இருக்கிறதா அறிஞ்சவங்க சொல்லணும்னு போன வாரம் வாசிச்சீங்களே ஃபாதர். நான் அறிஞ்சவ. அதான் சொல்ல வந்தேன்."

"என்ன தடை?"

"எனக்கு இதுல இஷ்டம் இல்ல. மாமாவுக்கும் இல்ல. நான் வேற ஒருத்தரக் கட்டிக்கப் போறேன். பேரு ஜெகதீசன்."

அந்தப் பேரைத் தன் அம்மா அப்பா காதில் விழ அவள் சொன்னது அதுதான் முதல் தடவை. சொல்லி முடித்ததும் நாற்காலியைப் பிடித்துக்கொண்டாள்.

சாமியார் ஃபாரத்தை மடித்தார். "இதைவிடப் பெரிய தடை கிடையாது. ஓலை வாசிக்க மாட்டேன்" என்றார்.

செல்லம்மா வெளியே தாழ்வாரத்துக்கு வந்த பிறகுதான் வெடித்தாள். "அடிப்பாவி! யாருடி அவன்? எத்தினி நாளா நடக்குது இது? அந்தப் புள்ளய எவ கையிலயோ குடுத்துட்டு நீ மட்டும் சொகமா இருப்பியா? உங்கக்காவுக்கு இன்னாடி பதிலு சொல்லுவ?"

"புள்ள எங்கயும் போவாதும்மா. மாமா அவங்கம்மாகிட்ட பேசறேன்னு சொல்லிக்கீறாரு."

"அந்தாளு பேசுவாரு, நீ நம்பு!" செல்லம்மா ஓய்ந்துபோய்ப் படிக்கட்டில் உட்கார்ந்தாள். குரல் இறங்கிவிட்டது. "போன வாரம் அவ பேர வாசிச்சப்ப தப்புன்னு எனக்குத் தெரியாதா? பெத்தவளுக்குத் தெரியாதா? நான்தான்டி வாய மூடிகினு இருந்தேன். இன்னொரு தபா வாசிக்க மாட்டாரான்னு இருந்திச்சு எனக்கு."

ரெஜினா அம்மா பக்கத்தில் உட்கார்ந்தாள். அவளுக்கும் தாங்கவில்லை. "அதாம்மா. நான் அந்த வூட்டுக்குப் போனா நீங்க எல்லாரும் என்னை அவளாத்தான் பாப்பீங்க. நானே என்னை அவ பேர்லதான் எழுதிகினு வந்தேன். அவ செத்துட்டாம்மா."

இரண்டு வருஷமாக அந்த வீட்டில் "அவ போனப்புறம்" என்பார்கள், "அது நடந்தப்புறம்" என்பார்கள். செத்துவிட்டாள் என்று ஒருத்தரும் சொன்னதில்லை. செல்லம்மா மகளை அறைவதுபோலப் பார்த்தாள், அறையவில்லை. எழுந்து கோயிலுக்குள் போய்விட்டாள். ஏசுபாதம், "பூசைக்கு மணி அடிச்சிட்டாங்க, வா" என்று மட்டும் சொன்னார்.

அன்றையிலிருந்து செல்லம்மா ரெஜினாவோடு பேசவில்லை.

ஜான்சன் பேசினான், ஆச்சரியம்தான். உடனே இல்லை. எட்டு நாள் கழித்து, சாப்பாட்டுத் தட்டுக்கு முன்னால், "புள்ள அங்கதான் இருக்கும், ஒருத்தரும் அத இட்டுகினு வரக் கூடாது" என்று அம்மாவிடம் ஒரே வாக்கியம் சொல்லிவிட்டு எழுந்து கை கழுவிக்கொண்டான். சின்னப்பொண்ணு செல்லம்மாவுக்குப் போன் போட்டு அரை மணி நேரம் திட்டினாள். அரக்கோணத்துப் பெண்ணுக்கு வேறு இடம் அமைந்தது. ஷைனியின் துணிப்பை பரண்மேல் போனது.

மே மாசம் ரெஜினாவும் ஜெகதீசனும் செங்கல்பட்டில் பதிவுக் கல்யாணம் பண்ணிக்கொண்டார்கள். அங்கேயும் ஓலை மாதிரி ஒன்று உண்டு. இரண்டு பேர் பேரையும் பலகையில் முப்பது நாள் ஒட்டி வைத்து, தடை இருந்தால் சொல்லுங்கள் என்பார்கள். அந்த மனுவை ரெஜினாதான் எழுதினாள். ஜெகதீசன் தோளுக்குப் பின்னால் நின்று ஒவ்வொரு எழுத்தாகப் பார்த்துக்கொண்டிருந்தான். "போதுமா? குளோரின்னு எழுதல" என்றாள். ஏசுபாதம் வந்து சாட்சிக் கையெழுத்துப் போட்டார். ஷைனி புது கவுனில் வந்தது. செல்லம்மா வரவில்லை.

ஞாயிறு தவறாமல் ரெஜினா ஊருக்குப் போனாள். செல்லம்மா சோறு போடுவாள். பேச்சு மட்டும் குழந்தை வழியாகத்தான். "உங்க சித்திகிட்ட சொல்லு, கொழம்பு அடுப்புமேல கீது." ரெஜினா இரண்டடி தள்ளித்தான் உட்கார்ந்திருப்பாள். ஷைனியும் சிரத்தையாக, "சித்தி, கொழம்பு அடுப்புமேல கீதாம்" என்று திருப்பிச் சொல்லும். இப்படி நாலு மாசம் போனது. ஜெகதீசன் கொண்டுவந்து விடுவான், வாசலோடு திரும்பிப் போய்விடுவான்.

ஜூனில் ஷைனியை ஒன்றாம் வகுப்பில் சேர்க்க ஃபாரம் வந்தது. வேறு யார் எழுதுவது? ரெஜினா கூடத்தில் உட்கார்ந்து எழுதத் தொடங்கினாள். அவளை அழைத்துப்போக வந்த ஜெகதீசன் வாசலிலேயே நின்றான். செல்லம்மா முறத்தோடு பின்னால் வந்து நின்றாள். அரிசி புடைக்கிற சத்தம் நின்றுவிட்டது.

"பாத்து எழுது" என்றாள் செல்லம்மா. குழந்தையிடம் இல்லை, நேராக. "அம்மா பேருன்ற எடத்துல உன் பேர எழுதிகினு வந்து நிக்கப் போற."

ரெஜினா நிமிரவில்லை. நிமிர்ந்தால் அழுதுவிடுவாள். தாளை அம்மா பக்கம் திருப்பி வைத்தாள். செல்லம்மாவுக்கு எழுத்துக்கூட்டித்தான் படிக்க வரும். முறத்தைக் கீழே வைத்துவிட்டு, குனிந்து, விரலை வைத்துப் படித்தாள். தாய் பெயர், ஜெபா. அந்த எழுத்தின்மேல் விரல் கொஞ்ச நேரம் நின்றது.

"உன் பேரு எங்க?"

ரெஜினா அடியில் காட்டினாள். அவசரத்துக்குக் கூப்பிடவேண்டியவர்: ரெஜினா. உறவு: சித்தி.

"நீ வேலையில கீறப்ப போன எடுக்கவே மாட்ட" என்றாள் செல்லம்மா. முறத்தைத் திரும்ப எடுத்துக்கொண்டாள். "அவரு பேரு இன்னா, ஜெகதீசனா? அதையும் எழுது. நம்பரையும் போடு. அப்பிடியே வாசல்ல நிக்கறவர உள்ள வரச் சொல்லு, வெயிலா கீது."